நாய்வீட்டம்மா

டப்பிங் ஸ்டூடியோவில் அவளை டீச்சர் என்றுதான் கூப்பிட்டார்கள். கல்யாணத்துக்கு முன்பு பள்ளிக்கூடத்தில் ஆங்கிலம் சொல்லிக் கொடுத்தவள், பெயர் ஒட்டிக்கொண்டது. வெளிநாட்டுப் படங்களும் தொடர்களும் வந்தால் அவற்றின் வசனத்தை நம் மொழியில் எழுதித் தருவது அவள் வேலை. அர்த்தம் சரியாக இருந்தால் மட்டும் போதாது. திரையில் இருப்பவன் வாயை மூடும்போது நம் வார்த்தையும் முடிய வேண்டும். அவன் உதட்டைக் குவித்தால் நம் வார்த்தையிலும் ஓர் 'உ'வோ 'ஓ'வோ வர வேண்டும். சாப்பாட்டு மேசையில் முகம் பார்க்கும் கண்ணாடியைச் சாய்த்து வைத்துக்கொண்டு, தன் வாயைத் தானே பார்த்துப் பேசிப் பேசி எழுதுவாள். தையல் இயந்திரத்தின் முன் உட்கார்ந்திருக்கும் கணவன், "யாருகிட்ட சண்டை?" என்று கேட்பான்.

அவள் எழுதிக் கொண்டுபோவதை வெட்டித் திருத்துபவர் டப்பிங் இயக்குநர். முதுகுக்குப் பின்னால் அவருக்குக் கத்திரி என்று பெயர். பக்கத்துக்கு நாலு இடத்திலாவது சிவப்பு மை படாவிட்டால் அவருக்குச் சாப்பிட்டது செரிக்காது. 'வா' என்று எழுதினால் 'வாயேன்' என்று மாற்றுவார். அடுத்த முறை ஞாபகமாக 'வாயேன்' என்று எழுதிக் கொண்டுபோனால், "வான்னா பத்தாதா?" என்பார். டீச்சர் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. அவர் கை பட்ட இடங்களில் சில நன்றாகவே இருந்தன என்பதையும் அவள் ஒப்புக்கொள்வாள்.

வினை ஒரு குடும்பத் தொடரில் வந்தது. கதாநாயகன் தன் கல்யாண நாளை மறந்துவிடுகிறான். மறுநாள் அலுவலகத்தில் நண்பன் "ஏன்டா இப்படி இருக்கே?" என்று கேட்க, அவன் "ஐ ஆம் இன் த டாக்ஹவுஸ்" என்கிறான்.

டாக்ஹவுஸ் என்றால் நாய் படுக்கத் தோட்டத்தில் அடித்து வைக்கும் மரக்கூண்டு. தப்புச் செய்த புருஷனுக்கு உள்ளே இடமில்லை, போய் நாயோடு படு என்று பெண்டாட்டி துரத்திவிட்ட மாதிரி ஒரு கற்பனை. அதிலிருந்து, யாருடைய கோபத்துக்காவது ஆளாகி ஒதுக்கி வைக்கப்பட்டவன் எவனாக இருந்தாலும் அவன் டாக்ஹவுஸில் இருப்பதாகச் சொல்வது அவர்கள் வழக்கம். டீச்சர் அந்த வரியை "வீட்ல என்கூட பேச்சே இல்ல" என்று எழுதியிருந்தாள்.

ஒலிப்பதிவு அன்று கத்திரி அந்த இடத்தில் கையைத் தூக்கினார்.

"நீளமா இருக்கு டீச்சர். கடைசில அவன் வாய் 'டாக்'னு நல்லா திறக்குது. நமக்கும் அங்க ஒரு 'ஆ' வரணும். 'நாய்'னு போட்டா அப்படியே உக்காருது பாருங்க. 'நான் இப்ப நாய்வீட்ல.'"

"சார், அர்த்தமே போயிடும். கேக்கறவங்களுக்கு ஒண்ணும் விளங்காது."

"நாய்ன்னா விளங்காதா, வீடுன்னா விளங்காதா?"

கன்சோலில் இருந்த ஒலிப்பதிவாளன் சிரித்தான். கண்ணாடி அறைக்குள் மைக் முன்னால் நின்ற குரல் கலைஞரும் சிரித்தார். முதல் டேக்கிலேயே ஓகே ஆகிவிட்டது.

தொடர் ஒளிபரப்பான மறுநாளே அந்தத் துண்டு எல்லாருடைய கைப்பேசியிலும் ஓடியது. கோட்டும் டையும் போட்ட ஒரு மனிதன், பளபளவென்ற அலுவலகத்தில் நின்றுகொண்டு, முகத்தைத் தொங்கப் போட்டபடி "நான் இப்ப நாய்வீட்ல" என்கிறான். எவனோ ஒரு புண்ணியவான் பின்னணியில் நாய் குரைப்பதையும் சேர்த்திருந்தான். தொடரின் முடிவில் 'வசனம்' என்று வரும் இடத்தில் டீச்சரின் பெயர் மட்டும்தான் இருந்தது. அந்தப் பெயரையும் படம் பிடித்துக் கூடவே சுற்றுக்கு விட்டார்கள்.

தொலைக்காட்சிக் கம்பெனியிலிருந்து ஓர் அதிகாரி வந்து குதித்தார். ஸ்டூடியோ முதலாளியம்மா எல்லாரையும் தன் அறைக்குக் கூப்பிட்டார். டீச்சர் வாயைத் திறப்பதற்குள் கத்திரி முந்திக்கொண்டார்.

"நான் அன்னைக்கே சந்தேகப்பட்டேன் மேடம். டீச்சர் படிச்சவங்க, தெரியாமலா எழுதுவாங்கன்னு விட்டுட்டேன். என் மேலயும் தப்பு இருக்கு."

கன்னத்தில் அறை வாங்கியவளுக்கு உடனே வலிக்காதது போல, அந்த வாக்கியம் டீச்சர் காதில் விழுந்து அர்த்தமாவதற்குச் சற்று நேரம் பிடித்தது. "நான் அப்படி எழுதலையே" என்று அவள் சொன்னபோது அவள் குரல் அவளுக்கே பொய் போலக் கேட்டது. ஒலிப்பதிவாளனைப் பார்த்தாள். அவன் தன் ஹெட்ஃபோனில் ஒட்டியிருந்த ஸ்டிக்கரை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தான்.

"எத்தனையோ டேக் எடுக்கறோம் மேடம். யாருக்கு ஞாபகம் இருக்கு?" என்றான்.

அதோடு முடியவில்லை. அவளை வேலையை விட்டு நிறுத்த வேண்டும் என்று அதிகாரி சொன்னபோது, அவளுக்காகப் பரிந்து பேசியவரும் கத்திரிதான். "பாவம் சார், ஒரு தப்புக்காக வயித்துல அடிக்கக் கூடாது. இனிமே ஒரு எழுத்து விடாம நான் பாத்துக்கறேன்." முதலாளியம்மா டீச்சரை ஒரு பார்வை பார்த்தார். சொல்ல வேண்டியதைச் சொல்லு என்ற பார்வை. டீச்சர் கத்திரியிடம், "ரொம்ப நன்றி சார்" என்றாள்.

அந்த நன்றிதான் அவளை விடாமல் அரித்தது. அவர் பொய் சொன்னதைக்கூட ஒருநாள் மறந்திருப்பாளோ என்னவோ. தன் வாயாலேயே நன்றி சொல்ல வைத்ததை மறக்க முடியவில்லை. பல் துலக்கும்போதும் துணி உலர்த்தும்போதும் அது திரும்பத் திரும்ப வந்தது. ரொம்ப நன்றி சார்.

டீச்சர் என்ற பெயர் போய் நாய்வீட்டம்மா என்ற பெயர் வந்தது. முகத்துக்கு நேரே யாரும் சொல்லவில்லை, கத்திரியைத் தவிர. புதிதாக யாராவது வந்தால், "இவங்கதான் நம்ம நாய்வீட்டம்மா" என்று தோளைத் தட்டி அறிமுகம் செய்வார். மற்ற ஸ்டூடியோக்கள் கூப்பிடுவதை நிறுத்திவிட்டன. ஷாம்பு விளம்பரமும் சமையல் அடுப்பு விளம்பரமும் அவள் பங்குக்கு வந்தன.

மகள் பள்ளிக்கூடத்தின் கடைசி வகுப்பில் இருந்தாள். அவள் உள்ளே நுழைந்தால் பின்வரிசையில் யாரோ மெதுவாகக் குரைப்பார்களாம். இதை அவளாகச் சொல்லவில்லை. தோழியின் அம்மா சொல்லித்தான் தெரிந்தது. ஒருநாள் சாப்பிடும்போது மகள் தலையை நிமிர்த்தாமல் கேட்டாள்.

"ஏம்மா, டாக்ஹவுஸ்னா என்னன்னு உனக்கு நிஜமாவே தெரியாதா?"

டீச்சர் நடந்ததைச் சொன்னாள். மகள் கேட்டுக்கொண்டாள். நம்பினாளா என்று தெரியவில்லை. "அப்படின்னா எதுக்கும்மா இன்னும் அங்கயே போறே?" என்று மட்டும் கேட்டுவிட்டுத் தட்டைக் கழுவப் போனாள்.

கணவனும் அதையேதான் கேட்டான். "விட்டுட்டு வாயேன். பள்ளிக்கூடத்துல இன்னும் சேத்துக்குவாங்க."

"அந்தாள் விழறத பக்கத்துல நின்னு பாக்கணும்" என்றாள் அவள். ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தவன் நிமிர்ந்து பார்த்தான். அவள் விளையாட்டுக்குச் சொல்லவில்லை என்று தெரிந்ததும் மறுபடி ஊசியைத் தேடினான்.

கத்திரி விழுகிற மாதிரியே இல்லை. மேலே மேலே போனார். டப்பிங் கற்றுக்கொள்ள வருகிறவர்களுக்கு வகுப்பு எடுத்தார். அந்த வகுப்புகளில் அவர் தவறாமல் சொல்லும் உதாரணம் டாக்ஹவுஸ். "இங்கிலீஷ் தெரியும்னு சொல்லிக்கறவங்க பண்ற கூத்தைப் பாருங்க" என்று ஆரம்பிப்பார். அந்தக் கூண்டின் கதையை, புருஷன் பெண்டாட்டி சண்டையை, நடித்தே காட்டுவார். ஒரு தடவை டீச்சரையும் அந்தக் கூட்டத்தில் உட்கார வைத்துக்கொண்டே சொன்னார். எல்லாரும் சிரித்தார்கள். டீச்சரும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே அவர் கழுத்து நரம்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அடுத்த மழைக்காலத்தில் ஒரு பெரிய படம் வந்தது. திரையரங்குகளில் வெளியாகப் போகிற படம். நடுக்கடலில் எண்ணெய்க்காகத் துளை போடும் இரும்பு மேடை, புயல், வாயு வெடிப்பு, அதில் சிக்கிய தொழிலாளிகள் என்று கதை. எழுத வேறு ஆள் கிடைக்காத அவசரத்தில் வேலை டீச்சரிடம் வந்தது.

ஆங்கில வசனத்தைப் படித்துக்கொண்டே வந்தவள் ஓர் இடத்தில் நின்றாள். டாக்ஹவுஸ். பாம்பைக் கண்டது போல நாற்காலியைப் பின்னால் தள்ளினாள். அடுத்த பக்கத்திலும் இருந்தது. படம் முழுக்க அங்கங்கே இருந்தது. முதலில் அவளுமே பழைய அர்த்தத்தில்தான் எடுத்துக்கொண்டாள். யாரோ யார் மேலேயோ கோபமாக இருக்கிறார்கள். ஆனால் ஒரு வரியில், டாக்ஹவுஸில் ஒரு ரேடியோ இருக்கிறது, போய் எடுத்துவா என்று வந்தது. பெண்டாட்டி கோபத்துக்குள் ரேடியோ எப்படி இருக்கும்?

அவள் கணவனின் தம்பி அந்த மாதிரி ஒரு மேடையில்தான் வேலை பார்த்தான். விடுமுறைக்குக் கரைக்கு வந்திருந்தவனுக்குப் போன் போட்டாள்.

"டாக்ஹவுஸா? அது நம்ம ரூமு அண்ணி!" என்றான் கொழுந்தன் உற்சாகமாக. "துளை போடற இடத்தை ஒட்டியே இரும்புல ஒரு சின்ன ரூம் இருக்கும். மீட்டரு, போனு, ரேடியோ எல்லாம் அதுக்குள்ளதான். மழை அடிச்சா அத்தனை பேரும் அங்கதான் ஓடுவோம். நாய்க்கூண்டு மாதிரி குட்டியா இருக்கும், அதான் அந்தப் பேரு. படகுல கூட மேல்தட்டுல இருக்கற சின்ன அறையை அப்படித்தான் சொல்லுவாங்க."

"பொண்டாட்டி கோவம் அது இதுன்னு எதுவும் இல்லையே?"

"அதெல்லாம் கரைக்கு வந்தாத்தான் அண்ணி."

டீச்சர் சிரித்துவிட்டு வைத்தாள். டாக்ஹவுஸ் வந்த இடங்களில் 'கேபின்' என்று எழுதத் தொடங்கினாள். எழுதிக்கொண்டே வந்தவள், நாலைந்து கேபின்களுக்குப் பிறகு பேனாவை நிறுத்தினாள். அந்தச் சொல்லின் மேல் சிவப்பு மை விழப்போகும் இடம் அவளுக்குக் கண்ணெதிரே தெரிந்தது. வேறு எந்த வார்த்தையை விட்டாலும் கத்திரி இந்த வார்த்தையை விடமாட்டார். இது அவருடைய சொத்து. ஊரைக் கூட்டிப் பாடம் நடத்திய வார்த்தை.

கடினமான சொற்களுக்குப் பக்க ஓரத்தில் விளக்கம் எழுதி வைப்பது அவள் வழக்கம். அந்தப் படத்திலும் குழாய், அடைப்பான், அழுத்தமானி என்று எல்லாவற்றுக்கும் எழுதியிருந்தாள். கேபினுக்கு மட்டும் எழுதவில்லை. காகிதங்களை ஒழுங்காகத் தட்டிச் சேர்த்து உறைக்குள் வைத்தாள்.

ஒலிப்பதிவில், கதாநாயகனுக்குக் குரல் கொடுக்க வந்தவர் மேடை நாடகங்களில் பேர் வாங்கிய மனிதர். நாய்வீட்டு வசனத்தைப் பேசியவரும் அவர்தான். நல்ல கனமான குரல். இந்தப் படத்தில் அவருக்கு ஒரு சாவுக் காட்சி இருந்தது. அதற்காகக் காலையிலிருந்து யாரிடமும் அதிகம் பேசாமல் தொண்டையைக் காத்துக்கொண்டிருந்தார்.

முதல் கேபின் வந்ததுமே கத்திரி ஆங்கிலத் தாளைப் புரட்டினார். அவர் முகம் மலர்ந்தது.

"என்ன நாய்வீட்டம்மா, நம்ம ஆளு மறுபடியும் வந்திருக்காரு? டாக்ஹவுஸைக் கொண்டுபோய் கேபின்னு எழுதியிருக்கீங்க. பட்டும் புத்தி வரலையே உங்களுக்கு."

என் கொழுந்தன் அங்கேதான் வேலை பார்க்கிறான், அவனிடம் கேட்டுத்தான் எழுதினேன் என்று தாழ்ந்த குரலில் சொல்லியிருந்தால் போதும். அவர் முறைத்துவிட்டு விட்டிருப்பார். டீச்சருக்கு அது தெரியும். அவள் மூக்குக் கண்ணாடியை இறக்கினாள். கரும்பலகை முன்னால் நின்ற காலத்துக் குரலை வரவழைத்துக்கொண்டாள்.

"ஒரு வார்த்தைக்கு ஒரே அர்த்தம்தான்னு மனப்பாடம் பண்ணி வெச்சுக்கிட்டா எப்படி சார்? இங்க டாக்ஹவுஸ்னா ரூம். படத்தைக் கொஞ்சம் கவனிச்சுப் பாருங்க, புரியும்."

கண்ணாடி அறைக்குள்ளிருந்து ஸ்பீக்கர் வழியாக யாரோ களுக்கென்று சிரித்தது கேட்டது. கத்திரியின் காது மடல் சிவந்தது.

"எனக்கே டாக்ஹவுஸ் பாடமா? இங்க அத்தனை பேருக்கும் அந்த வார்த்தைக்கு அர்த்தம் சொல்லிக் குடுத்தவனே நான்தான். குடுங்க அந்தப் பேனாவை."

டீச்சர் தன் கையாலேயே சிவப்புப் பேனாவை எடுத்துக் கொடுத்தாள்.

ஒவ்வொரு கேபினாக வெட்டுப்பட்டு, அந்த இடத்தில் பெண்டாட்டி கோபம் ஏறியது. கத்திரி திரையில் பார்ப்பது எப்போதும் உதடுகளை மட்டும்தான். உதடுகளுக்குப் பின்னால் யார் எங்கே ஓடுகிறார்கள் என்பது அவர் கண்ணில் படாது. குரல் கலைஞர் ஓர் இடத்தில் தயங்கினார்.

"சார், கேஸ் கசியுது, மணி அடிக்குது, அவனவன் உயிரைக் கையில பிடிச்சுக்கிட்டு ஓடறான். இந்த நேரத்துல எதுக்கு பொண்டாட்டி பேச்சு?"

"அதுதான் சார் அவங்க ஸ்டைலு. சாகும்போதும் ஜோக் அடிப்பானுங்க. நீங்க கம்பீரமா சொல்லுங்க, ஜனங்க உருகிடுவாங்க."

குரல் கலைஞர் டீச்சரைப் பார்த்தார். டீச்சர் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள்.

தேநீர் இடைவேளையில் ஒலிப்பதிவாளன் அவளைத் தாழ்வாரத்தில் மடக்கினான்.

"டீச்சர், நீங்க வேணும்னேதானே பண்றீங்க?"

"நான் சரியாத்தான் எழுதிக் குடுத்தேன். அவர்கிட்ட சொல்லவும் செஞ்சேன். நீயும் கேட்டேல்ல?"

"சொன்ன விதம் இருக்கே…"

"அன்னைக்கு நல்ல விதமா சொன்னேன். அப்ப உனக்கு ஞாபகம் இல்லாம போச்சு. இன்னைக்கும் அப்படியே இல்லாம போகட்டும்."

அவன் தேநீர் டம்ளரை வைத்துவிட்டு உள்ளே போய்விட்டான்.

அவள் இன்னும் ஒரு காரியம் செய்தாள். வேலை முடிந்த அன்று கத்திரியைக் கூட வைத்துக்கொண்டே முதலாளியம்மாவிடம் சொன்னாள். "இந்தப் படத்துல முக்கியமான வசனம் எல்லாம் சாரோடதுதான் மேடம். என் பேரைப் போட்டா நியாயமா இருக்காது. வசனம்னு சார் பேரையே போட்டுடுங்க."

"சேச்சே, அதெல்லாம் எதுக்கு?" என்றார் கத்திரி. சொல்லி வாய் மூடுவதற்குள், தன் பெயரில் எழுத்துப்பிழை வந்துவிடாமல் பார்த்துக்கொள்ளும்படி ஒலிப்பதிவாளனிடம் சொன்னார். போகும்போது டீச்சரிடம், "பரவாயில்ல, உங்களுக்கும் நல்ல மனசு" என்றார். படக் கம்பெனிக்காரர்களுக்கு நம் மொழி தெரியாது. கொடுத்ததை வாங்கிக்கொண்டு போனார்கள்.

வெளியீட்டுக்கு முந்தின நாள் அழைக்கப்பட்டவர்களுக்கு மட்டும் ஒரு காட்சி. பத்திரிகைக்காரர்கள், திரையரங்குக்காரர்கள், குடும்பங்கள் என்று அரங்கம் நிறைந்திருந்தது. டீச்சர் கணவனோடும் மகளோடும் போனாள். கத்திரிக்கு இரண்டு வரிசை பின்னால் இடம் கேட்டு வாங்கிக்கொண்டாள். அவர் புதுச் சட்டை போட்டு, மனைவியோடும் மச்சான்களோடும் வந்திருந்தார். அவர் பெயர் திரையில் வந்தபோது மச்சான்கள் விசில் அடித்தார்கள்.

கத்திரி மாற்றிய முதல் வரி வந்தபோது யாரும் சிரிக்கவில்லை. சரியாகக் கேட்கவில்லை என்று நினைத்திருப்பார்கள். பிறகு புயல் வந்தது. கொட்டும் மழையில் மேலாளன் கையை வீசி அந்த இரும்பு அறையைக் காட்டிக் கத்தினான்:

"எல்லாரும் பொண்டாட்டிகிட்ட போய் திட்டு வாங்குங்கடா, சீக்கிரம்!"

உடனே பத்துப் பேர் முண்டியடித்துக்கொண்டு அறைக்குள் ஓடிக் கதவைச் சாத்திக்கொண்டார்கள். அரங்கத்தில் ஒருவர் தும்மினது போல வெடித்தார். அப்புறம் அடங்கவில்லை. மேடையில் வேலை செய்யும் பெண் பொறியாளர் அந்த அறையிலிருந்து ரேடியோவைப் பிடித்துக்கொண்டு, கண்ணீரோடு, "என் புருஷன் என்மேல கோவமா இருக்கான், யாராவது வந்து காப்பாத்துங்க!" என்று கதறினாள். யாரோ பின்னாலிருந்து, "கவுன்சிலிங்குக்கு அனுப்புங்கப்பா!" என்று குரல் கொடுத்தார்கள்.

டீச்சர் திரையைப் பார்க்கவில்லை. கத்திரியின் பின்கழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முதலில் அது நேராக இருந்தது. ஒவ்வொரு சிரிப்புக்கும் கொஞ்சம் கொஞ்சமாகச் சட்டைக்குள் இறங்கியது. அவர் மச்சான் ஒருவன் சிரிப்பை அடக்க முடியாமல் கைக்குட்டையை வாயில் திணித்துக்கொண்டான். டீச்சரின் உடம்பெல்லாம் சூடான தேன் ஊறுவது போல இருந்தது. இவ்வளவு நாள் தூங்காமல் புரண்டதற்கெல்லாம் சேர்த்து ஒரே மூச்சில் கூலி வாங்குவது போல இருந்தது. நன்றி சார், ரொம்ப நன்றி என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டாள்.

கடைசியில் கதாநாயகன் செத்தான். இரும்பு அறையைத் திறந்து அவன் உடலைக் கண்டவன், தொப்பியைக் கழற்றிக்கொண்டு சொன்னான்: "போயிட்டான். பொண்டாட்டி கோவத்துலயே போயிட்டான்."

ஆட்கள் இருக்கையில் புரண்டு சிரித்தார்கள். மகள் மட்டும் சிரிக்காமல் அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியீடு நின்றது. படக் கம்பெனி ஸ்டூடியோவின் மேல் பாய்ந்தது. இந்த முறை யாரையும் காட்டிவிட வழியில்லை. பெயர் திரை அகலத்துக்கு இருந்தது. கத்திரி டீச்சரைக் காட்டித்தான் பார்த்தார். அதற்கு ஒலிப்பதிவாளன் முதலாளியம்மாவிடம், "டீச்சர் ரூம்னு சொன்னாங்க மேடம். சார்தான் பேனாவை வாங்கி மாத்தினாரு. இது எனக்கு ஞாபகம் இருக்கு" என்றான். அன்றே கத்திரியை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். வகுப்புக்குச் சேர்ந்திருந்தவர்கள் மெதுவாகக் கழன்றுகொண்டார்கள்.

சில நாள் கழித்து ஒரு மாலையில் அவர் டீச்சர் வீட்டு வாசலில் வந்து நின்றார். முகம் சவரம் செய்யாமல் இருந்தது. கணவன் தைத்துக்கொண்டிருந்த துணியை ஒதுக்கி நாற்காலி போட்டான். டீச்சர் தேநீர் கொண்டுவந்து வைத்தாள்.

"அம்மா, நீங்க ஒரு வார்த்தை சொன்னா போதும்" என்றார். அம்மா என்று அவர் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. "ரெண்டு பேரும் பேசித்தான் முடிவு பண்ணோம், அவசரத்துல தப்பாயிடுச்சுன்னு மேடம்கிட்ட சொல்லுங்க. தப்பை ரெண்டு பேரும் பாதியாப் பங்கு போட்டுக்கிட்டா எனக்கு மறுபடி வேலை குடுத்துடுவாங்க. ஸ்கூல் போற பசங்க இருக்காங்க."

"எனக்கும் அன்னைக்கு ஸ்கூல் போற பொண்ணு இருந்தாளே சார்."

டீச்சர் உள்ளே பார்த்து மகளைக் கூப்பிட்டாள்.

"மொதல்ல இவகிட்ட சொல்லுங்க. அந்த நாய்வீட்டு வசனம் யார் போட்டதுன்னு."

கத்திரி தேநீர் டம்ளரைத் தள்ளி வைத்தார். பிறகு, "நான்தான்மா போட்டேன். உங்கம்மா வேண்டாம்னு சொன்னாங்க. நான் கேக்கல. அப்புறம் பழியையும் அவங்க மேல போட்டுட்டேன்" என்றார்.

மகள் கதவு நிலையைப் பிடித்தபடி நின்றாள். "சரி அங்கிள்" என்றாள். உள்ளே போய்விட்டாள்.

கத்திரி நிமிர்ந்தார். கண்ணில் ஈரமும் கொஞ்சம் நம்பிக்கையும் இருந்தன. "மேடம்கிட்ட எப்பம்மா பேசுவீங்க?"

"பேசறேன்னு நான் சொல்லவே இல்லையே சார்."

"நீங்க கேட்டீங்கன்னுதானே சொன்னேன்…"

"ஆமா. ரொம்ப நன்றி சார்."

அவர் எழுந்து, செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு, படியிறங்கிப் போனார். தேநீர் ஆறிப் போய்க் கிடந்தது. கணவன் அதை எடுத்துக்கொண்டு போய்க் கொட்டினான். "இந்த அளவுக்குப் போயிருக்க வேணாம்" என்றான். டீச்சர் டம்ளரைக் கழுவி வைத்தாள். அன்று படுத்ததுமே தூங்கிவிட்டாள்.

படத்தை மறுபடி பேசித் தருவதென்று முதலாளியம்மா கம்பெனியிடம் கெஞ்சி ஒப்புக்கொள்ள வைத்திருந்தார். வசனமும் டீச்சர், மேற்பார்வையும் டீச்சர். இரும்பு அறை மறுபடி கேபின் ஆனது. குரல் கலைஞர்கள் ஒவ்வொருவராக வந்து பேசிவிட்டுப் போனார்கள். கதாநாயகனின் குரலுக்கு உரியவர் கடைசியாக வந்தார். மைக் முன்னால் போகாமல் கன்சோல் அறைக்கு வந்து அவள் எதிரே நின்றார்.

"நாய்வீடுன்னப்ப நானும் சிரிச்சேன். அது தப்புதான். ஆனா ஒண்ணு கேக்கணும் டீச்சர். அன்னைக்கு நான் தயங்கி உங்களைப் பாத்தேனே, அப்ப உங்களுக்குத் தெரியும்தானே?"

"தெரியும்."

"எத்தனையோ பேருக்குக் குரல் குடுத்திருக்கேன். இப்படி ஒரு சாவு எனக்குக் கிடைச்சதில்ல. ஒரு வாரம் அதையே நினைச்சுக்கிட்டு இருந்தேன். என் பொண்டாட்டி, பசங்க எல்லாரையும் கூட்டிக்கிட்டுத்தான் படத்துக்கு வந்தேன். உங்க ரெண்டு பேர் சண்டையில என் சாவு சிரிப்பாப் போச்சு."

டீச்சர் மேசைமேல் இருந்த தாள்களை நேராக்கினாள். கத்திரிக்காக அவள் வருந்தவில்லை. இன்னொரு தடவை வாய்ப்புக் கிடைத்தாலும் அதையேதான் செய்திருப்பாள். ஆனால் இந்த மனிதரை அவள் நினைத்துப் பார்க்கவே இல்லை. அரங்கத்தில் அவர் எந்த வரிசையில் உட்கார்ந்திருந்தார் என்றுகூட அவள் பார்த்திருக்கவில்லை.

"ஆரம்பிக்கலாமா?" என்றாள்.

அவர் கண்ணாடி அறைக்குள் போய் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டார். திரையில் கதாநாயகன் இரும்புச் சுவரில் சாய்ந்து விழுந்தான். அவர் முதல் டேக்கிலேயே செத்தார். பேச்சு முடிந்து மூச்சு இழுத்து நிற்கும் இடத்தில் ஒலிப்பதிவாளன் கண்ணைத் துடைத்துக்கொண்டான். நன்றாக இருந்தது. முன்பு பேசியது இதைவிட நன்றாக இருந்ததா என்று யாருக்கும் நிச்சயமாகச் சொல்லத் தெரியவில்லை. அந்தப் பதிவை எப்போதோ அழித்துவிட்டிருந்தார்கள்.

"ஓகே சார்" என்று டீச்சர் மைக்கில் சொன்னாள். அவர் தலையசைத்துவிட்டு, கையெழுத்துப் போட்டுவிட்டு, தேநீர் வேண்டாம் என்று சொல்லிக் கிளம்பினார். டீச்சர் அடுத்த காட்சியின் தாளை எடுத்தாள்.